"எல்லாரும் வரவில்லை" என்றால் யாராவது வந்தார்களா?

மொழியின் இலக்கண அமைப்பும் அதன் தருக்க அமைப்பும் ஒன்றுதானா, இலக்கணப் பிழை இல்லாமல் எழுதிவிட்டால் பொருளும் ஐயமில்லாமல் அமைந்துவிடுமா என்று கேட்டிருக்கிறீர்கள். இரண்டும் ஒன்று அல்ல என்பதே என் விடை. ஆயினும் இரண்டுக்கும் தொடர்பே இல்லை என்று சொல்பவர்களோடும் என்னால் உடன்பட முடியவில்லை. தருக்கம் இலக்கணத்தின் எந்த மூலையில் வந்து தங்குகிறது என்பது மொழிக்கு மொழி வேறுபடுகிறது. தமிழில் அது எழுவாய், பயனிலை என்று நாம் பள்ளியில் பிரித்துப் படித்த பெரிய உறுப்புகளில் தங்குவதைவிட, அவற்றின் கடைசியில் ஒட்டிக்கொண்டிருக்கும் இடைச்சொற்களில், அவற்றுள்ளும் சிறப்பாக "உம்" என்னும் உம்மையில் தங்கியிருக்கிறது என்பது பல ஆண்டுகளாகப் பிறர் எழுதிய விதிகளையும் அறிவிப்புகளையும் திருத்திவந்ததில் எனக்கு உறுதிப்பட்ட எண்ணம்.

அந்த எண்ணத்தை என்னுள் விதைத்தது ஓர் அடுக்குமாடிக் குடியிருப்பின் வாயிற்பலகை. "எல்லா வாகனங்களுக்கும் உள்ளே அனுமதி இல்லை" என்று அதில் எழுதியிருந்தார்கள். மருத்துவமனையிலிருந்து வயதான தாயை ஆட்டோவில் அழைத்துவந்த ஒருவரைக் காவலாளி அந்தப் பலகையைக் காட்டி வாயிலிலேயே நிறுத்திவிட்டார். "எல்லா வண்டிக்கும் இல்லை என்றுதானே போட்டிருக்கிறது, சில வண்டிகளுக்கு உண்டு என்றுதானே பொருள்" என்று வந்தவர் வாதாடினார். "எந்த வண்டிக்கும் இல்லை என்றுதான் பொருள்" என்று காவலாளி உறுதியாக நின்றார். அந்த வாக்கியத்தில் ஒற்றுப் பிழை கிடையாது, வேற்றுமைப் பிழை கிடையாது. இருவருமே அதைச் சரியாகத்தான் படித்திருந்தார்கள். அந்த வாக்கியத்துக்கு உண்மையிலேயே இரண்டு பொருள்கள் இருக்கின்றன.

இதைத் தருக்கவியலார் எதிர்மறையின் எல்லை என்ற கருத்தால் விளக்குவார்கள். "எல்லாரும் வந்தார்கள்" என்ற முழுச் செய்தியையும் எடுத்து "அது உண்மை அன்று" என்று மறுத்தால், ஒருவராவது வரவில்லை என்பது மட்டுமே கிடைக்கும், மற்றவர்கள் வந்திருக்கலாம். அப்படியின்றி, "வரவில்லை" என்ற மறுப்பை முதலில் வைத்துக்கொண்டு அதை எல்லார்மேலும் ஏற்றிச் சொன்னால், ஒருவரும் வரவில்லை என்று ஆகிவிடும். இரண்டிலும் சொற்கள் அவையே, அவற்றின் வரிசையும் அதுவே. எது எதை அடக்கிக்கொண்டு நிற்கிறது என்பதுதான் மாறுகிறது, அந்த மாற்றத்துக்கு எழுத்தில் ஓர் அடையாளமும் இல்லை.

என்னை வியப்பில் ஆழ்த்தியது, இதே வாக்கியத்தை நம் இலக்கணிகள் நெடுங்காலத்துக்கு முன்பே எடுத்துவைத்துப் பார்த்திருக்கிறார்கள் என்பதுதான். 13ஆம் நூற்றாண்டைச் சேர்ந்த நன்னூலில் பவணந்தி முனிவர் "முற்றும்மை ஒரோவழி எச்சமும் ஆகும்" என்கிறார். முழுமையைக் காட்டும் உம்மை சில இடங்களில், மிச்சம் உண்டு என்பதையும் காட்டும் என்பது அதன் பொருள். இதற்கு "எல்லாரும் வந்திலர்" என்ற எடுத்துக்காட்டை உரைகளில் காணலாம். சிலர் வந்தனர் என்ற எச்சப்பொருள் அதற்குள் ஒளிந்திருக்கிறது. அவருக்கு மிகவும் முற்பட்ட தொல்காப்பியம் "முற்றிய உம்மைத் தொகைச்சொன் மருங்கின் எச்சக் கிளவி உரித்தும் ஆகும்" என்று இதையே விதித்திருக்கிறது. "பத்தும் கொடால்" என்பது அங்கே உரையில் வரும் எடுத்துக்காட்டு. "பத்தையும் கொடுத்துவிடாதே, சிலவற்றை நிறுத்திக்கொண்டு கொடு" என்றும் அது பொருள்படும். "ஒரோவழி" என்ற சொல்லிலும் "உரித்தும்" என்ற சொல்லிலும் இருக்கும் கவனத்தைப் பாருங்கள். எப்போதும் எச்சம் என்றும் சொல்லவில்லை, ஒருபோதும் இல்லை என்றும் சொல்லவில்லை. இரண்டு பொருளுக்கும் இடம் இருக்கிறது என்றுதான் சொல்லியிருக்கிறார்கள்.

இன்றைய தமிழ், இந்த ஐயத்தைத் தீர்க்கச் சில கருவிகளைத் தானே செய்து வைத்திருக்கிறது. "எல்லாருமே வரவில்லை" என்று ஏகாரம் சேர்த்தால் பெரும்பாலும் ஒருவரும் வரவில்லை என்றுதான் கேட்பவர் கொள்வார். "எல்லாரும் வந்துவிடவில்லை" என்று துணைவினை ஒன்றை இடையே நுழைத்தால் சிலர் வந்தது உறுதியாகிவிடும். பேச்சில் "எல்லாரும்" என்பதை அழுத்தி ஏற்றிச் சொல்வதும் இதே வேலையைச் செய்கிறது. எழுத்தில் அந்த அழுத்தம் போய்விடுவதால்தான் பலகையில் எழுதியது வாயிலில் சண்டையாக முடிந்தது.

உம்மையின் அடுத்த முகம் இதைவிட ஆழமானது. "கண்ணனும் வள்ளியும் வந்தார்கள்" என்பதில் உம்மை இரண்டு பெயர்களைக் கூட்டுகிறது. இலக்கணம் இதை எண்ணும்மை என்கிறது. "எல்லாரும் வந்தார்கள்" என்பதில் அதே உம்மை முழுமையைத் தருகிறது. கூட்டுவதற்கும் முழுமைக்கும் ஒரே உருபு ஏன் வர வேண்டும்? சிறிது எண்ணிப்பார்த்தால் காரணம் தெரியும். பத்துப் பேர் இருக்கும் இடத்தில் "எல்லாரும் வந்தார்கள்" என்பது, அவரும் இவரும் உவரும் என்று பத்துப் பெயர்களையும் உம்மையால் கோத்துச் சொல்வதற்குச் சமம். ஓகாரத்திலும் இதே அமைப்புதான். "கண்ணனோ வள்ளியோ வந்திருப்பார்கள்" என்பதில் ஓகாரம் இருவரில் ஒருவர் என்கிறது; "யாரோ வந்தார்கள்" என்பதில் அதே ஓகாரம், எல்லைக்குள் இருக்கும் எத்தனையோ பேரில் இன்னார் என்று தெரியாத ஒருவர் என்கிறது. ஜெர்மனியின் யேனா நகரில் கணிதம் கற்பித்த ஃப்ரேகே 1879இல் வெளியிட்ட சிறு நூலில்தான், "எல்லாம்", "சில" என்பவற்றைத் தனிக் குறிகளாகக் கையாளும் இன்றைய தருக்கம் பிறந்தது. அந்தத் தருக்கத்தைப் படிப்பவர்கள், "எல்லாம்" என்பது ஒரு நெடிய "மற்றும்", "சில" என்பது ஒரு நெடிய "அல்லது" என்பதைப் பாடத்தின் நடுவில் அறிந்துகொள்கிறார்கள். தமிழ் பேசுகிற குழந்தை அதை உருபாகவே வாயில் வைத்திருக்கிறது.

வினாச்சொல்லோடு உம்மை சேரும்போது வரலாறும் உள்ளே வருகிறது. "யாதும் ஊரே யாவரும் கேளிர்" என்ற புறநானூற்று 192ஆம் பாட்டின் முதல் அடியில், யாது, யாவர் என்ற வினாக்கள் உம்மை ஏற்று "எல்லா ஊரும்", "எல்லா மக்களும்" என்று ஆகின்றன. இன்று "யாவரும்" என்பது நடையில் மட்டும் உயர்ந்து நிற்க, அதன் உடன்பிறப்பான "யாரும்" எதிர்மறையையே தேடிப் போகிறது. "யாரும் வரவில்லை" என்போம், "யாரும் வரலாம்" என்று அனுமதி தருவோம். "யாரும் வந்தார்கள்" என்று நடந்த செய்தியைச் சொல்ல மாட்டோம். அந்த இடத்துக்கு "எல்லாரும்" வந்துவிட்டது. வாயிற்பலகை தவறிய இடமும் இதுதான். "எந்த வாகனத்துக்கும் அனுமதி இல்லை" என்று வினாச்சொல்லும் உம்மையும் சேர்த்து எழுதியிருந்தால், இரண்டாம் பொருள் எழ வழியே இல்லை.

இங்கே ஒன்றைச் சொல்லாமல் போக எனக்கு மனம் வரவில்லை. "எல்லா வாகனங்கள் நிறுத்தப்பட்டன", "அனைத்து மாணவர்கள் வந்தனர்" என்று இன்று செய்திகளிலும் அறிக்கைகளிலும் எழுதுகிறார்கள். "எல்லா" என்று முன்னால் சொல்லியாகிவிட்டது, பின்னால் உம்மை எதற்கு என்று அவர்கள் நினைக்கிறார்கள் போலும். "எல்லா" என்பது முழுமை வரப்போகிறது என்று முன்னறிவிக்கிறது. அந்த முழுமையை முடித்துவைப்பது "வாகனங்களும்" என்பதன் இறுதியில் உள்ள உம்மை. வேற்றுமை உருபு வந்தால்கூட உம்மை அதற்கும் பின்னால் போய் நிற்பதைப் பாருங்கள்: எல்லாரையும், எல்லாருக்கும், எல்லாரிடமும். அதை உதிர்த்துவிட்டு எழுதுவது வாக்கியத்தைத் தாங்கும் ஆணியைப் பிடுங்குவதாகவே எனக்குப் படுகிறது.

தொல்காப்பியத்தின் கிளவியாக்கத்தில் அடுத்தடுத்து வரும் இரண்டு நூற்பாக்கள் இந்தப் பொருளில் எனக்கு மிகவும் விருப்பமானவை. முதலாவது, "இனைத்தென அறிந்த சினைமுதற் கிளவிக்கு வினைப்படு தொகுதியின் உம்மை வேண்டும்" என்பது. மொத்தம் இத்தனை என்று முன்பே தெரிந்த பொருள்களை முழுவதுமாகச் சொல்லும்போது உம்மை கட்டாயம். "நம்பி கண் இரண்டும் நொந்தன", "தமிழ்நாட்டு மூவேந்தரும் வந்தார்" என்பவை உரையில் வரும் எடுத்துக்காட்டுகள். இன்றைய பேச்சில் வைத்துப் பார்த்தால் இந்த விதி இன்னும் உயிரோடு இருப்பது தெரியும். "என் பிள்ளைகள் இரண்டு பேரும் வெளியூரில் இருக்கிறார்கள்" என்றால் எனக்கு இரண்டே பிள்ளைகள். "என் பிள்ளைகள் இரண்டு பேர் வெளியூரில் இருக்கிறார்கள்" என்றால், வீட்டில் இன்னொரு பிள்ளையாவது இருப்பதாகக் கேட்பவர் எண்ணிக்கொள்வார். எனக்கு எத்தனை பிள்ளைகள் என்று நான் சொல்லவே இல்லை. ஓர் உம்மை இருந்ததும் இல்லாததும் அதைச் சொல்லிவிட்டது.

இரண்டாவது நூற்பா, "மன்னாப் பொருளும் அன்ன இயற்றே" என்பது. மன்னாப் பொருள் என்பது உலகில் இல்லாத பொருள். அதைப் பற்றிப் பேசும்போதும் உம்மை வேண்டும் என்பது விதி. உரையில் இதற்கு வரும் எடுத்துக்காட்டு: "பவளக் கோட்டு நீல யானை சாதவாகனன் கோயிலுள்ளும் இல்லை." பவளத் தந்தம் உடைய நீல நிற யானை, கிடைத்தற்கரிய பொருளெல்லாம் குவிந்திருக்கும் சாதவாகனனின் அரண்மனையில்கூட இல்லை, ஆகவே எங்குமே இல்லை என்பது கருத்து. உம்மையை எடுத்துவிட்டு "கோயிலுள் இல்லை" என்று சொல்லிப்பாருங்கள். அந்த யானை வேறெங்கோ மேய்ந்துகொண்டிருக்கிறது என்று ஆகிவிடும். இல்லாத ஒன்றை எழுவாயாக வைத்துப் பேசுவது எப்படி என்ற இந்தக் கேள்வியைத்தான் ஆங்கிலேயத் தத்துவ அறிஞர் பெர்ட்ரண்ட் ரசல் 1905இல் எடுத்துக்கொண்டார். பிரான்ஸ் குடியரசாக இருந்த காலத்தில் "பிரான்சின் இன்றைய மன்னர் வழுக்கைத் தலையர்" என்று ஒருவர் சொன்னால் அது உண்மையா பொய்யா என்று கேட்டு, மன்னர் ஒருவர் இருக்கிறார் என்ற கூற்றும் அவர் வழுக்கைத் தலையர் என்ற கூற்றும் அந்த வாக்கியத்தில் பிணைந்திருப்பதை அவர் பிரித்துக் காட்டினார். பிரித்த பிறகு, "வழுக்கைத் தலையர் அல்லர்" என்ற மறுப்பு எந்தக் கூற்றைத் தொடுகிறது என்பதற்கேற்ப இரண்டு பொருள்கள் கிடைத்தன. இங்கும் எதிர்மறையின் எல்லைதான்.

தொல்காப்பியர் ஃப்ரேகேயையும் ரசலையும் முந்திவிட்டார் என்று இதிலிருந்து முடிவுகட்டுவது நேர்மையாகாது. அப்படிப் பெருமை பேசுவதில் எனக்கு விருப்பமும் இல்லை. ஃப்ரேகே செய்தது வேறு வேலை. ஒரு கூற்றிலிருந்து இன்னொரு கூற்றைப் பிழையின்றி வருவிக்கும் கணக்குமுறை ஒன்றை அவர் கட்டினார். அதற்காக எழுவாய், பயனிலை என்ற பாகுபாட்டையே தம் குறிமுறையிலிருந்து நீக்கினார். பிளாட்டீயாவில் கிரேக்கர் பாரசீகரை வென்றனர் என்றாலும், பாரசீகர் கிரேக்கரால் வெல்லப்பட்டனர் என்றாலும், அவற்றிலிருந்து வருவிக்கக்கூடிய முடிவுகள் ஒன்றே என்பது அவர் வாதம். நம் இலக்கணிகள் வருவிப்பைக் கணக்கிடவில்லை. ஒரு சொல் இருந்தால் கேட்பவர் என்ன கொள்வார், இல்லாவிட்டால் என்ன கொள்வார் என்பதை அவர்கள் உற்றுக் கேட்டார்கள். அந்தக் கேள்வியின் நுட்பம் குறிமுறைத் தருக்கத்தில் எளிதில் கிடைப்பதில்லை.

பயனிலையைப் பற்றியும் ஒன்று சொல்ல வேண்டும். ஆங்கிலம் போன்ற மொழிகளில் "இருக்கிறான்" என்பதற்கும் "ஆசிரியன் ஆவான்" என்பதற்கும் ஒரே துணைவினை வருவதால், இருப்பும் தன்மையும் ஒன்றோடொன்று குழம்பின. அந்தக் குழப்பத்தை அவிழ்க்கவே அங்கே பல பக்கங்கள் எழுத வேண்டியிருந்தது. தொல்காப்பியம் வேற்றுமையியலில் எழுவாய் கொள்ளும் பயனிலைகளை ஆறாகப் பிரிக்கும்போது, இருப்பைச் சுட்டும் "ஆ உண்டு" என்பதையும், பண்பு கொள்ளும் "ஆ கரிது" என்பதையும், பெயர் கொள்ளும் "ஆ பல" என்பதையும் வெவ்வேறாகவே வைக்கிறது. மறுப்பிலும் இந்தப் பிரிவு தொடர்கிறது: "இங்கே புலி இல்லை" என்பது இருப்பை மறுக்கிறது, "இது புலி அன்று" என்பது இன்னதாக இருத்தலை மறுக்கிறது. பேச்சில் இரண்டுக்கும் "இல்லை" என்றே வந்துவிட்டது. எழுத்திலாவது "அன்று", "அல்ல", "அல்லர்" என்பவற்றை இழக்காமல் இருக்க வேண்டும் என்று நான் விரும்புவது பழமைப் பற்றினால் அன்று. ஒரு தெளிவு கையில் இருக்கும்போது அதை எதற்காக விட வேண்டும் என்பதால்தான்.

உங்கள் கேள்வியின் இரண்டாம் பகுதிக்கு வாயிற்பலகையே போதுமான விடை. இலக்கணம் அதில் வழுவவில்லை. உம்மை தன் மரபுப்படி இரண்டு பொருளையும் தந்தது. எழுதியவர் அவற்றில் ஒன்றைத்தான் நினைத்திருந்தார். அந்தக் குடியிருப்பின் சங்கத்தார் பலகையைத் திருத்தித் தரும்படி என்னிடம் கேட்டபோது, எந்தப் பொருளை நினைத்தீர்கள் என்று முதலில் அவர்களைக் கேட்டேன். அவர்களுக்குள்ளேயே இருவர் இரண்டு விதமாகச் சொன்னார்கள். நெடுநேரம் பேசி அவர்கள் ஒரு முடிவுக்கு வந்த பிறகு, இப்படி மாற்றி எழுதிக் கொடுத்தேன்: "குடியிருப்போரின் வாகனங்களுக்கும், நோயாளிகளையோ முதியோரையோ ஏற்றிவரும் வாகனங்களுக்கும் உள்ளே அனுமதி உண்டு. வேறு எந்த வாகனத்துக்கும் அனுமதி இல்லை."