முதலில் வந்த கட்சிக்கு மேயர் நாற்காலி இல்லை: வாசகர் கேள்வி பதில்

இந்த வாரக் கடிதங்களில் பாதிக்கு மேல் டென்மார்க்தான். தப்பு என்னுடையது. மகள் வீட்டுக்குக் கோபன்ஹேகன் போய்வந்த கதையை இரண்டு இதழாக அளந்துவிட்டேன். நான் அங்கே இருந்தபோதுதான், 2025 நவம்பர் 18-ஆம் தேதி, நாடு முழுக்க உள்ளாட்சித் தேர்தல் நடந்தது. மாநகராட்சி வரி வசூலில் 31 வருடம் ஓட்டியவன் வாயை மூடிக்கொண்டு இருப்பானா?

எஸ்.எம்., பெரம்பூர்: பிரதமரின் கட்சி தலைநகரிலேயே தோற்றுவிட்டதாமே? பிரதமர் ராஜினாமா செய்ய வேண்டாமா?

வேண்டாம். அது 98 நகராட்சிகளுக்கும் மாகாண சபைகளுக்கும் நடந்த தேர்தல். நாடாளுமன்றம் தனிக் கணக்கு. ஆனால் அடி பலமான அடிதான். பிரதமர் மெத்த ஃபிரடெரிக்சனின் சமூக ஜனநாயகக் கட்சி 2021-ல் நாடு முழுக்க 28 சதவீதத்துக்கு மேல் வாங்கியிருந்தது. இந்த முறை 23 சொச்சம். கோபன்ஹேகனில் 17.2 சதவீதம் 12.7 ஆனது. 1938-ல் தலைமை மேயர் என்ற பதவியை உருவாக்கிய நாளிலிருந்து அந்த நாற்காலி அவர்கள் வீட்டுச் சொத்து மாதிரி இருந்தது. அது போய்விட்டது. எதிர் வீட்டுப் பெரியவர் அந்தக் கட்சிக்காரர். மறுநாள் காலையில் பனியில் சைக்கிளைத் துடைத்துக்கொண்டிருந்தார். நான் வணக்கம் வைத்தேன், தலையை மட்டும் ஆட்டினார். பாவம்.

ஆர்.கே., கொளத்தூர்: அப்படியென்றால் முதலில் வந்த கட்சிக்குத்தானே மேயர் பதவி?

நானும் அப்படித்தான் நினைத்துக்கொண்டு டிவி முன்னால் உட்கார்ந்திருந்தேன். கோபன்ஹேகனில் முதலில் வந்தது சிவப்பு-பச்சைக் கூட்டணி என்று சொல்கிற இடதுசாரிக் கட்சி, 22 சதவீதம். தலைமை மேயர் ஆனவர் இரண்டாவதாக வந்த, சுமார் 18 சதவீதம் வாங்கிய சோஷலிஸ்ட் மக்கள் கட்சியின் சிஸ்ஸே மரியே வெல்லிங். 2021-லும் இதே கதைதான். அப்போதும் சிவப்பு-பச்சைக் கட்சிதான் முதலிடம், நாற்காலி வேறு கட்சிக்கு.

காரணம், மேயரை மக்கள் நேரடியாகத் தேர்ந்தெடுப்பதில்லை. 55 உறுப்பினர்கள் கொண்ட மன்றம்தான் தேர்ந்தெடுக்கிறது. 28 கை யார் பக்கம் உயர்கிறதோ அவர் மேயர். அதனால் உண்மையான தேர்தல், ஓட்டு எண்ணி முடிக்கிற ராத்திரியில்தான் ஆரம்பிக்கிறது. நகரமன்றக் கட்டடத்தில் கட்சிக்காரர்கள் அறை அறையாகப் போய்ப் பேசுகிறார்கள். அதற்கென்று அவர்கள் மொழியில் தனியாக ஒரு சொல்லே இருக்கிறது.

நம் சென்னை மேயரும் கவுன்சிலர்கள் ஓட்டில்தான் வருகிறார். ஆனால் இங்கே பேரத்துக்கு வேலை இல்லை. 2022-ல் 200 வார்டில் தி.மு.க. மட்டும் 153. அங்கே வார்டே கிடையாது, ஊர் மொத்தமும் ஒரே தொகுதி. ஒரு கட்சி வாங்கிய ஓட்டை 1, 2, 3 என்று வகுத்துக்கொண்டே போகிறார்கள். பெரிய விடை எந்தக் கட்சியுடையதோ அதற்கு அடுத்த இடம். 5 இடம், மூன்று கட்சி, 10,000, 6,000, 2,000 ஓட்டு என்று வையுங்கள். முதல் கட்சிக்கு 3, இரண்டாவதுக்கு 2, மூன்றாவதுக்குப் பட்டை நாமம். நம் முறையில், எல்லா வார்டிலும் இதே விகிதம் என்றால், முதல் கட்சி ஐந்தையும் அள்ளியிருக்கும்.

ஜி.வி., அண்ணா நகர்: அங்கேயும் சுவர் முழுக்க போஸ்டரா?

சுவரில் இல்லை, விளக்குக் கம்பத்தில். அக்டோபர் 25, சனிக்கிழமை. மகளோடு காய்கறி வாங்கப் போனேன். நடைபாதை ஓரத்தில் நாலைந்து பேர் ஏணியோடு சும்மா நின்றுகொண்டிருந்தார்கள். கையில் அட்டைக்கட்டு, வாயில் பிளாஸ்டிக் டேக். என்ன கூத்து என்று பார்த்தால், பகல் 12 மணி ஆனால்தான் கட்டலாமாம். மணி அடித்ததும் ஏணிகள் கம்பத்தில் சாய்ந்தன பாருங்கள், இரண்டு கட்சிக்காரர்கள் ஒரே கம்பத்துக்கு ஓடினார்கள்! தேர்தல் முடிந்து 8 நாளுக்குள் எல்லாவற்றையும் கழற்றிவிட வேண்டும். எங்கள் வில்லிவாக்கம் பால் பூத் சுவரில் 2022 வேட்பாளர் ஒருவர் அரை முகத்தோடு இன்னும் கும்பிட்டுக்கொண்டிருக்கிறார்.

பி.எல்., முகப்பேர்: பிரியாணி உண்டா?

பிரியாணி இல்லை. ஆனால் தேர்தல் வாக்குறுதிக்கு அவர்கள் வைத்திருக்கிற பெயர் 'தேர்தல் பன்றிக்கறி'. ஊருக்கு ஊர் ருசி மாறுகிறது, அவ்வளவுதான்.

டி.எம்., திருமங்கலம்: உங்கள் மகளுக்கு இந்தியப் பாஸ்போர்ட்தானே? எப்படி ஓட்டுப் போட்டார்?

உள்ளாட்சியில் போடலாம், நாடாளுமன்றத்துக்கு முடியாது. வெளிநாட்டவர் 4 வருடம் தொடர்ந்து குடியிருந்தால் போதும். விண்ணப்பம், வரிசை, ஜெராக்ஸ் எதுவும் இல்லை. குடியிருப்புப் பதிவேட்டில் பெயர் இருந்ததால் ஓட்டுப் போட வரச்சொல்லும் அட்டை தானாகவே வீட்டுக்கு வந்துவிட்டது. இங்கே 2022-ல் என் பூத் ஸ்லிப் வராமல் மூன்று பள்ளிக்கூடம் அலைந்தேன். அந்த ஆத்திரத்தில் அட்டையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தேன்.

இன்னொன்று சொல்ல வேண்டும். இவள் 1994-ல் பிறந்தவள். 2011 அக்டோபரில் சென்னை மாநகராட்சித் தேர்தல் நடந்தபோது வயது 17. அடுத்தது 2016-ல் வந்திருக்க வேண்டும், வரவில்லை. தனி அலுவலரை வைத்தே ஆண்டுகள் ஓடின. 2019-ல் விமானம் ஏறிவிட்டாள். 2022-ல் இங்கே ஒருவழியாகத் தேர்தல் நடந்தபோது அவள் அங்கே. மாநகராட்சி சம்பளத்தில் வளர்ந்த பெண், முதல் மாநகராட்சி ஓட்டைக் கோபன்ஹேகனில் போட்டாள்.

பள்ளிக்கூட வாசலில் காத்திருந்தேன். வெளியே வந்ததும் பழக்கதோஷத்தில் அவள் விரலைப் பார்த்தேன். மை இல்லை. மெஷினும் இல்லையாம், காகிதமும் பென்சிலும்தான். எல்லாக் கட்சியின் எல்லா வேட்பாளர் பெயரும் ஒரே சீட்டில். எவ்வளவு பெரிசு என்று இரண்டு கையையும் விரித்துக் காட்டினாள். கட்சிக்கோ, கட்சிக்குள் ஒரு ஆளுக்கோ, ஒரே ஒரு பெருக்கல் குறி.

சி.என்., கொரட்டூர்: குளிரில் போய் ஓட்டுப் போட அவர்களுக்கு என்ன அவ்வளவு ஆர்வம்?

பணம் சார். அங்கே வருமான வரியில் பெரும்பகுதி நகராட்சிக்கே போகிறது, சராசரியாக வருமானத்தில் 25 சதவீதம். அந்த விகிதத்தை நகராட்சியே தீர்மானிக்கிறது. பள்ளிக்கூடம், குழந்தைகள் காப்பகம், முதியோர் பராமரிப்பு எல்லாம் அதன் கையில். அரையாண்டு சொத்து வரிக்கே என்னை வாசலில் நிறுத்தி வைத்துப் பேசியவர்களை நினைத்துக்கொண்டேன். சம்பளத்தில் கால்பங்கு போனால் யார்தான் வீட்டில் உட்கார்ந்திருப்பார்கள்? 2021-ல் அங்கே நூற்றுக்கு 67 பேர் போட்டார்கள். 2022-ல் சென்னையில் 44.

அதே சி.என்.: மகள் யாருக்குப் போட்டார்?

நானும் கேட்டேன். "அது ரகசியம்பா" என்றாள். அவள் அம்மாவிடம் மட்டும் சொல்லியிருக்கிறாள் என்று தெரிகிறது. இரண்டு மாதமாகக் கேட்கிறேன், ரசம் நன்றாக இருக்கிறதா என்று பேச்சை மாற்றுகிறாள்.