ஒன்பது மணிக்கு வைஃபையை அணைப்பதற்கு முன்

வணக்கம் சகோதரி. ஒன்பது மணி ஆனதும் வைஃபையை அணைத்தீர்கள், 15 வயது மகன் மூன்று நாளாக முகம் கொடுத்துப் பேசவில்லை என்று எழுதியிருந்தீர்கள். அவன் ஆடுவது வேலரன்ட் என்ற ஆன்லைன் துப்பாக்கிச் சண்டை விளையாட்டில் ரேங்க் ஆட்டம், அதாவது தரவரிசைப் புள்ளிக்கான போட்டி. அதில் அணிக்கு 5 பேர். பொதுவாக முதலில் 13 சுற்று எடுப்பவர்களுக்கு வெற்றி. முடிய அரை மணிக்கு மேல் ஆகும், நடுவில் நிறுத்திவிட்டு வர முடியாது. இவன் காணாமல் போனால் மற்ற 4 பேரும் ஆள் குறைந்து திண்டாடுவார்கள். இவனுக்குப் புள்ளி போகும், அடுத்த ஆட்டத்துக்குத் தடையும் விழலாம். கோபம் உங்கள் மேல் மட்டும் இல்லை, அந்த 4 பேருக்கு முன்னால் தலைகுனிந்த வலியும் அதில் இருக்கிறது.

என் மகளிடம் நானும் இதையே செய்தேன். ஹெட்செட்டைக்கூடக் கழற்றாமல் உறைந்துபோன திரையையே பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். அந்த முகம் இன்னும் கண்ணில் நிற்கிறது. அப்புறம் ஒரு ஏற்பாடு செய்துகொண்டோம்: எட்டே காலுக்கு மேல் புது ஆட்டம் தொடங்கக் கூடாது, தொடங்கியதை முடித்துக்கொள்ளலாம். சண்டை பெரும்பாலும் நின்றுபோனது.

கண்டிப்பை விடச் சொல்லவில்லை. தூக்க நேரத்தில் விட்டுக்கொடுக்கவே வேண்டாம். ஆனால் இன்று அவன் பக்கத்தில் போய் உட்கார்ந்து, "அன்றைக்கு ஸ்கோர் எவ்வளவு இருந்தது?" என்று மட்டும் கேட்டுப் பாருங்கள்.