பூசணம் பிடித்த படக் கேசட்டை மீட்க

வணக்கம். பட்டர்வொர்த் வீட்டில் கிடைத்த தமிழ்ப்பட விஎச்எஸ் கேசட்டில் வெள்ளைப் பூசணம் இருக்கிறது, இன்டர்நெட் ஆர்க்கைவ் என்ற இலவச இணைய நூலகத்தில் ஏற்றலாமா என்று கேட்டிருந்தீர்கள்.

தயவுசெய்து அதை அப்படியே பிளேயரில் போட்டுவிடாதீர்கள். பூசணம் பிளேயரில் டேப்பைப் படிக்கும் பாகமான ஹெட்டில் ஒட்டிக்கொண்டு, அடுத்துப் போடும் நல்ல கேசட்டையும் கெடுக்கும். பினாங்குப் புழுக்கத்தில் அது தானாகக் காயாது. காற்றுப் புகாத டப்பாவில் சிலிக்கா ஜெல்லோடு 2 வாரம் வையுங்கள். பூசணம் பொடியாக உதிரத் தொடங்கியதும், முகக்கவசம் போட்டு, வீட்டுக்கு வெளியே வைத்து, அடியிலுள்ள 5 ஸ்க்ரூவைக் கழற்றிச் சுருளின் ஓரங்களை உலர்ந்த மெல்லிய துணியால் துடையுங்கள்.

துடைத்த கேசட்டைக் கணினிக்கு மாற்றும்போது, மலேசியாவில் பதிந்தது என்றால் பால் (PAL) என்ற வீடியோ முறைதான்: 720×576 புள்ளிகள், நொடிக்கு 25 பிரேம். இன்டர்லேஸை (ஒவ்வொரு பிரேமும் ஒன்றுவிட்டு ஒன்றான வரிகளாகப் பிரிந்திருப்பதை) நீக்காமல், தரம் குறையாமல் சுருக்கும் எஃப்எஃப்வி1 (FFV1) முறையில் சேமியுங்கள். ஒரு மணி நேரத்துக்குச் சுமார் 30 ஜிபி பிடிக்கும். எம்பி4 (MP4) நகல் பார்ப்பதற்கு மட்டும்.

பதிப்புரிமை இந்தியாவில் 60 ஆண்டு, மலேசியாவில் 50. அது முடியாத படத்தைப் பொதுவில் ஏற்றாமல், இரண்டு ஹார்ட் டிஸ்கில் பத்திரப்படுத்துங்கள்.