குகை நீரில் கிடைத்த வெள்ளைக் கூனி புது இனமா?

கேள்வி: முதுகலை விலங்கியல் படிக்கிறேன். ஆந்திராவில் உறவினர் ஊருக்கு அருகே ஒரு சுண்ணாம்புக் குகையில், தேங்கிய நீரில் கூனி இறால் போன்ற ஐந்து உயிரிகள் கிடைத்தன. நீளம் 3 மி.மீ. இருக்கும். வெள்ளை நிறம், கண் இல்லை, உடல் பக்கவாட்டில் ஒடுங்கியிருக்கிறது. மரபணுச் சோதனை செய்து, புது இனமாகப் பெயரிட்டு, இதழிலும் வெளியிட்டுத் தருவதாக ஒருவர் 18,000 ரூபாய் கேட்கிறார். கொடுக்கலாமா?

பதில்: கொடுக்காதீர்கள். ஐந்தில் ஒன்றைக்கூட அவர் கையில் ஒப்படைக்காதீர்கள்.

நீங்கள் சொல்வதைப் பார்த்தால் அது இறால் இல்லை, இறாலும் நண்டும் அடங்கிய ஓட்டுடலிகளிலேயே ஆம்பிபோடா என்ற வேறு வரிசையைச் சேர்ந்தது. இறாலுக்குத் தலையையும் மார்பையும் சேர்த்து மூடும் ஓடு உண்டு. ஆம்பிபோடாவுக்கு அது கிடையாது. தலைக்குப் பின்னால் ஏழு மார்புக் கண்டங்களைத் தனித்தனியாக எண்ணலாம். கைலென்ஸ் வைத்து எண்ணிப் பாருங்கள். வரிசையை உறுதி செய்ய அது போதும்.

வெள்ளை நிறத்தையும் கண்ணில்லாமையையும் காட்டித்தான் இப்படிப்பட்டவர்கள் மாணவர்களை மயக்குகிறார்கள். இருட்டில் தலைமுறை தலைமுறையாக வாழும் ஓட்டுடலிகள், எந்தக் குடும்பமானாலும், நிறத்தையும் கண்ணையும் இழப்பது வழக்கம். அதை வைத்து உயிரி வாழும் இடத்தைச் சொல்லலாம். அதன் உறவைச் சொல்ல முடியாது. ஸ்லோவேனியாவில் அசெல்லஸ் அக்வாட்டிகஸ் என்ற உயிரி இருக்கிறது; ஐசோபோடா என்ற இன்னொரு ஓட்டுடலி வரிசையைச் சேர்ந்தது. வெளியே ஓடும் நீரில் அது பழுப்பு நிறம், கண் உண்டு. பிவ்கா ஆறு குகைக்குள் ஓடும் பகுதியில் அதே இனம் வெள்ளையாக, குருடாக வாழ்கிறது. இரண்டையும் ஆய்வுக்கூடத்தில் இணைசேர்த்து, பிறந்த குஞ்சுகளில் நிறமும் கண்ணும் எப்படி மரபுவழி வருகின்றன என்று ஆராய்ந்து 2011இல் வெளியிட்டார்கள். பார்வைக்கு இரண்டு இனம், உண்மையில் ஒன்று! இதைத் திரும்பத் திரும்பச் சொல்கிறேன் என்று மாணவர்கள் சலித்துக்கொள்வார்கள். ஆனாலும் "குருடு, ஆகவே புதிது" என்று எழுதிய கட்டுரைகள் இன்னும் என் மேசைக்கு வந்துகொண்டேதான் இருக்கின்றன.

உறவு தெரிய வேண்டுமானால் கால்களைப் பார்க்க வேண்டும். முன்னால் இரண்டு இணை பற்றுக்கால்கள். நுனிக்கு முந்தைய கணு பருத்திருக்கும், நகம் அதன்மேல் பேனாக்கத்தி போல மடங்கும். அடுத்து ஐந்து இணை நடைகால்கள். வயிற்றில் மூன்று இணை நீச்சல்கால்கள், கடைசியில் மூன்று இணை வால்கால்கள். நகம் மடங்கிப் படியும் விளிம்பு எவ்வளவு சாய்வு, அதில் முட்கள் எப்படி அமைந்திருக்கின்றன, வால்தகடு பிளந்திருக்கிறதா என்பவற்றையெல்லாம் வரைந்தாக வேண்டும். குறிப்பாக மூன்றாவது வால்கால். ஐரோப்பியக் குகைகளின் நிஃபார்கஸ் பேரினத்தில் அதன் வெளிக்கிளை நீண்டும் உட்கிளை மிகக் குட்டையாகவும் இருக்கும். போகிடியெல்லா என்ற இன்னொரு நிலத்தடி ஆம்பிபோடா பேரினத்தில் இரண்டும் ஏறக்குறைய சமம். தென்கிழக்கு இந்தியக் கிணறுகளிலிருந்து போகிடியெல்லா இண்டிகா 2006இல் விவரிக்கப்பட்டது. முதலில் அந்தப் படங்களோடு ஒப்பிடுங்கள்.

மரபணுச் சோதனை வேண்டாம் என்று சொல்லவில்லை. ஆனால் உங்கள் ஊர் ஆய்வகம் "தரவுத்தளத்தில் பொருத்தம் இல்லை" என்று ஒரு தாள் தரும்; அதைப் புது இனச் சான்றிதழ் என்று உங்களிடம் நீட்டுவார்கள். நம் நாட்டு நிலத்தடி ஓட்டுடலிகளில் மிகச் சிலவற்றின் மரபணு வரிசைகளே தரவுத்தளங்களில் இருக்கின்றன. பொருத்தம் இல்லை என்றால், அதன் உறவினரை இன்னும் யாரும் பதிவு செய்யவில்லை என்பதே பொருள்.

பெயரை விலைக்கு வாங்கவும் முடியாது. 1999க்குப் பிறகு வெளியாகும் புது இனப் பெயருக்கு ஹோலோடைப் எனும் மூலமாதிரி குறிக்கப்பட வேண்டும். அது எந்தச் சேகரிப்பில் வைக்கப்படும் என்பதும் கட்டுரையில் இருக்க வேண்டும். மின்னிதழில் மட்டும் வெளியாவதாக இருந்தால், விலங்குப் பெயர்களுக்கான இணையப் பதிவேடான ஸூபேங்கில் கட்டுரை பதிவாகி, அந்தப் பதிவு கட்டுரைக்குள்ளேயே காட்டப்பட வேண்டும். நம் நாட்டில் இன்னொன்றும் உண்டு. 2002ஆம் ஆண்டின் உயிரியல் பன்மயச் சட்டத்தின் 39ஆம் பிரிவு, புது இனத்தைக் கண்டவர் அங்கீகரிக்கப்பட்ட களஞ்சியத்துக்குத் தெரிவித்து மாதிரியை ஒப்படைக்க வேண்டும் என்கிறது. இந்திய விலங்கியல் ஆய்வகம் அப்படி ஒரு களஞ்சியம். "வெளிநாட்டு நிபுணருக்கு அனுப்பிவிடலாம்" என்று அவர் சொன்னால் உடனே விலகிவிடுங்கள். சென்னையில் உள்ள தேசிய உயிரியல் பன்மய ஆணையத்தின் விதிகளை மீறிய பழி உங்கள் மீதுதான் விழும்.

இப்படிப் பணம் கேட்பவர்களுக்குச் சோறு போடுவது யார்? கட்டுரைகளை எண்ணி மதிப்பெண் போடும் நம் பல்கலைக்கழகங்கள்தான். 3 மி.மீ. உயிரியின் கால்களை ஒவ்வொன்றாகப் பிரித்து வரைய வாரக்கணக்கில் ஆகும். அந்த உழைப்புக்கு எந்தப் படிவத்திலும் கட்டம் இல்லை. வகைப்பாட்டியலாளர் ஓய்வு பெற்றால் அந்த இடத்தை நிரப்புவதும் இல்லை. பிறகு மாணவி யாரிடம் போய்க் கேட்பாள்?

இப்போதைக்கு இரண்டு மாதிரிகளை 95 சதவீத எத்தனாலிலும் மூன்றை 70 சதவீதத்திலும் வையுங்கள். ஃபார்மலின் கூடாது, மரபணு கெட்டுவிடும். இடம், நாள், நீரின் ஆழம் ஆகியவற்றைப் பென்சிலில் எழுதிச் சீட்டைக் குப்பிக்குள்ளேயே போடுங்கள். வெளியே ஒட்டினால் எத்தனால் சிந்தி எழுத்து அழியும். அனுமதி பெறாமல் மறுபடி குகைக்குப் போய் எடுக்காதீர்கள். இந்த உயிரிகள் குறைவாகவே குஞ்சு பொரிக்கும். அந்தச் சிறு குட்டை மொத்தமும் காலியாகிவிடக்கூடும்.