ஆத்துப் பாறையில பூக்குற செடிங்க: வாசகர் கேள்வி பதில்

போன இதழ்ல, ஓடுற தண்ணிக்குள்ள பாறையைப் புடிச்சுக்கிட்டே வாழுற பூச்செடி இருக்குன்னு ஒரு நாலு வரி எழுதியிருந்தேன். அதுக்கு இவ்ளோ கடிதம் வரும்னு எதிர்பார்க்கல, ரொம்ப சந்தோஷம். எல்லாத்தையும் போட இடம் இல்ல, ஒரே மாதிரி கேட்டதையெல்லாம் சேர்த்து பதில் சொல்றேன்.

டீச்சர், ஜனவரியில வால்பாறை பக்கம் ஒரு ஓடைக்குப் போயிருந்தோம். மழைக்காலத்துல பாத்தப்போ பாறை பூரா பச்சையா வழவழன்னு இருந்துச்சு, எல்லாரும் பாசின்னு தான் சொன்னாங்க. இப்ப தண்ணி வடிஞ்ச பாறையில தீக்குச்சி மருந்து மாதிரி குட்டி குட்டியா பழுப்பு கலர்ல நின்னுட்டு இருந்துச்சு. பாசி காய்க்குமா? (பொள்ளாச்சி வாசகி)

பாசி காய்க்காதும்மா. நீங்க எழுதின அடையாளத்தை வச்சுப் பாத்தா அது பூச்செடி தான், நான் போன தடவை சொன்னதும் அதைத்தான். போடோஸ்டெமேசியேன்னு ஒரு குடும்பம், உலகத்துல சுமார் 300 வகை இருக்கு. பெரும்பாலும் வெப்பமான நாடுகள்ல, அருவியிலயும் வேகமா ஓடுற ஆத்துலயும் தான் இருக்கும், குளம் குட்டையில தேடினா கிடைக்காது. நம்ம நாட்டுல மேற்குத் தொடர்ச்சி மலையிலயும் வடகிழக்குலயும் இருக்கு.

வேர்னா மண்ணுக்குள்ள, தண்டுன்னா மேல, இலைன்னா பச்சைன்னு ஸ்கூல்ல படிச்ச கணக்கு எதுவும் இதுக்கிட்ட செல்லாது. நிறைய வகையில வேர் தான் மொத்த உடம்பே. அந்த வேர் பச்சையா இருக்கும், வெயிலை வாங்கி சாப்பாடு தயாரிக்கிற வேலையையும் அதுவே பாத்துக்கும், கல்லு மேல தோசை மாவை ஊத்தித் தேய்ச்ச மாதிரி தட்டையா பரவிக் கிடக்கும். அதனால தான் எல்லாரும் பாசின்னு நினைச்சுக்குறாங்க. ஜப்பான்காரங்க கூட இதுக்கு ஆத்துப்பாசிச் செடிங்குற அர்த்தத்துல தான் பேரு வச்சிருக்காங்க.

மழைக்காலம் பூரா தண்ணிக்கு அடியில வளரும், மொட்டையும் அங்கயே தயார் பண்ணி உறைக்குள்ள மூடி வச்சிருக்கும். மழை நின்னு தண்ணி இறங்கி பாறை வெளிய தெரிஞ்சதும் சட்டுனு பூத்து, காய்ச்சு, வெயில்ல காஞ்சு செத்துப்போயிடும். நீங்க பாத்தது அந்தக் காய். நான் காலேஜ்ல பாடம் எடுத்த காலத்துல ஒரு காஞ்ச காயை லென்ஸ்ல வச்சுப் பாத்திருக்கேன், மேல கோடு கோடா வரி ஓடும், வெடிச்சதுன்னா சின்ன சிப்பி திறந்த மாதிரி இருக்கும், உள்ள விதை மூக்குப்பொடி மாதிரி அவ்ளோ பொடிசு. கண்ணாடித் தகட்டுல கொட்டி ஒரு சொட்டு தண்ணி விட்டா ஒவ்வொரு விதையைச் சுத்தியும் ஜவ்வரிசி ஊறின மாதிரி ஒரு ஜெல்லி வளையம் வீங்கி வரும். அப்புறம் அது காஞ்சதும் தகட்டைக் கவுத்துத் தட்டினாலும் விழாது. திருநீத்துப்பச்சை விதை ஊறுறதைப் பாத்திருப்பீங்களே, அதே தான், ஆனா இங்க அந்தப் பசை தான் உயிர். முதல் மழை பாறையை நனைக்கும்போதே விதை கல்லுல ஒட்டிக்கணும், இல்லன்னா அடுத்து வர்ற வெள்ளம் கடல் வரைக்கும் கொண்டு போயிடும்.

அவ்ளோ வேகத்துல நம்மாலயே நிக்க முடியலையே, இத்தனூண்டு செடி எப்படி பிய்ஞ்சு போகாம இருக்கு? (திருநெல்வேலி, பிளஸ் டூ மாணவர்)

நல்ல கேள்வி தம்பி. தண்ணி காத்தை விட சுமார் 800 மடங்கு அடர்த்தி, அதுவும் வேகம் ரெண்டு மடங்கானா தள்ளுற விசை நாலு மடங்காகும். நீ இடுப்பளவு தண்ணியில நிக்கிறப்ப முழு விசையையும் உடம்புல வாங்குற. ஆனா பாறையை ஒட்டி ஒரு மெல்லிசான அடுக்கு இருக்கு பாரு, அங்க உரசல்னால தண்ணியோட வேகம் ரொம்பக் குறைஞ்சு, கல்லைத் தொடுற இடத்துல கிட்டத்தட்ட நின்னே போயிடும். படர்ந்து கிடக்குற வகையெல்லாம் அந்த அடுக்குக்குள்ள தான் குடும்பம் நடத்துது.

ஒட்டுறதுக்கு வேற ஒரு ஏற்பாடு இருக்கு. பாறை மேல நீலப்பச்சை பாக்டீரியாவெல்லாம் சேர்ந்து ஒரு வழவழப்பான படலம் போட்டிருக்கும், செடி அதோட சேர்ந்து தன் பசையையும் விட்டு கெட்டியா ஒட்டிக்கும். சில வகைக்கு விரல் மாதிரி பிடிப்பு உறுப்பும் உண்டு, கல்லுல இருக்கிற மேடு பள்ளத்துக்கு ஏத்த மாதிரி அது வளைஞ்சு பரவும். கொஞ்சம் நிமிர்ந்து வளர்ற வகைங்க நார் மாதிரி வளைஞ்சு குடுத்து ஆடும். செல்லுக்குள்ள சிலிக்கா துகள் வேற இருக்கும், மணலோட மூலப்பொருள்.

இன்னொண்ணு, தாமரைத் தண்டையோ ஆகாயத்தாமரையையோ ஒடிச்சுப் பாத்தா உள்ள காத்து அறையா இருக்கும்ல, இதுல அது கிடையாது. நுரைச்சு விழுற தண்ணியில ஆக்சிஜன் தாராளமா கரைஞ்சிருக்கு, சேமிச்சு வைக்க வேண்டிய அவசியமே இல்ல. அதே செடியை எடுத்து பக்கெட் தண்ணியில போட்டா அழுகிடும். நமக்கு ஆபத்தா தெரியுற அந்த வேகம் தான் அதுக்கு மூச்சு.

இதுக்கு சொந்தக்கார செடி ஏதாவது நமக்குத் தெரிஞ்சது இருக்கா? (நாகர்கோவில்)

இருக்கு, கேட்டா நம்ப மாட்டீங்க. மரபணுவை வச்சு ஒப்பிட்டப்போ கொடம்புளி, மங்குஸ்தான், புன்னை இவங்க இருக்குற கூட்டத்துல தான் இதுவும் வந்து உக்காந்துச்சு. உங்க ஊர் மீன் குழம்புல போடுற புளிக்கும் அருவிப் பாறையில ஒட்டியிருக்கிற பச்சைக்கும் தூரத்து உறவு!

பவானி ஆத்துல நட்ட நடுவுல, பாறை இடுக்குல, அலரி இலை மாதிரி நீட்டு இலையோட ஒரு புதர் நிக்குது. எவ்ளோ வெள்ளம் போனாலும் மறுபடி நிக்குது. அதோட வேரைக் காய்ச்சிக் குடிச்சா கிட்னி கல்லு கரையும்னு எங்க பாட்டி சொல்வாங்க, உண்மையா? ஆத்தோரம் இருக்கிற நீர்மருதும் இதே கூட்டமா? (மேட்டுப்பாளையம்)

காட்டலரின்னு சொல்ற செடியா இருக்கணும், ஹோமோனோயா ரிப்பேரியா. பேருல அலரி இருந்தாலும் ஆமணக்குக் குடும்பம். ஆண் செடி தனி, பெண் செடி தனி. இந்தியாவுல தொடங்கி நியூகினி வரைக்கும் ஆத்துப் படுகையில இருக்கு. வெள்ளம் வடிஞ்ச மறுநாள் போய்ப் பாத்தீங்கன்னா புதர் மொத்தமும் ஓட்டம் போன திசையிலயே சாஞ்சு கிடக்கும், கொம்பு பூரா துணி, பிளாஸ்டிக் பை, சருகுன்னு வைக்கோல் கட்டு மாதிரி சுத்தியிருக்கும், ஆனா இலை பாதிக்கு மேல அப்படியே இருக்கும். எனக்கு ஒவ்வொரு தடவையும் அதைப் பாக்கும்போது கையெடுத்துக் கும்பிடத் தோணும். இலை ஒரு ஜாண் வரைக்கும் நீளம், அகலம் ஒரு விரல் அளவு தான், அதனால தண்ணி தள்ளுறதுக்கு பரப்பு கம்மி. கொம்பு ஒடியாது, வளையும். வேர் பாறை வெடிப்புக்குள்ள ஆழமா இறங்கி ஆப்பு அடிச்ச மாதிரி இறுகியிருக்கும்.

வெள்ளம் வந்து வந்து மூழ்கடிக்கிற இடத்துல மட்டுமே வாழுற செடிங்களுக்கு ரியோஃபைட்னு பேரு, ஓட்டத்துச் செடின்னு வச்சுக்கலாம். டச்சு தாவரவியல் அறிஞர் வான் ஸ்டீனிஸ் 1981ல உலகம் பூரா இருக்கிற இந்த மாதிரி செடிங்களைத் திரட்டி பட்டியல் போட்டார். பெரணி, சேம்புக் குடும்பம், காபிக் குடும்பம்னு ஒண்ணுக்கொண்ணு சம்பந்தமே இல்லாத செடியெல்லாம் ஆத்துக்குள்ள வந்ததும் ஒரே மாதிரி ஒடுக்கமான இலைக்கு மாறியிருக்கு. நீர்மருது இதுல சேராது. அது கரையில நிக்கிற மரம், பெரிய வெள்ளத்துல கால் நனையும், அவ்ளோதான், ஆத்தை விட்டுத் தள்ளி நட்டாலும் நல்லா வரும்.

மருந்து விஷயம்: பாட்டி சொன்னது நாட்டு வைத்தியத்துல ரொம்ப நாளா இருக்கிற வழக்கம் தான். இதே மாதிரி ஆத்துப் பாறையில வளர்ற இன்னொரு செடியை மலையாளத்துல கல்லூர்வஞ்சின்னு சொல்வாங்க, அதையும் கல்லடைப்புக்கு குடுக்குறாங்க. வடமொழியில பாஷாணபேதம்னு, அதாவது கல்லை உடைக்கிறதுன்னு சொல்ற பேரு, இந்த மாதிரி பல செடிக்கு ஊருக்கு ஊர் மாறி வருது. வஞ்சிங்குற பேரும் அப்படித்தான், ரெண்டு மூணு ஆத்துச் செடிக்குப் பொது. பேரை மட்டும் நம்பி தப்பான வேரைக் காய்ச்சிக் குடிச்சுடாதீங்க. கல்லு எவ்ளோ பெரிசு, எங்க இருக்குன்னு ஸ்கேன் பாத்துட்டு டாக்டர்கிட்ட கேட்டு நடந்துக்குங்க. வேரைத் தோண்டினா அந்தப் புதர் அடுத்த வெள்ளத்துல போயிடும், அதையும் நினைச்சுக்குங்க.

கொளத்தூர்ல மீன் தொட்டிக்கு அனுபியாஸும் பூசெஃபலாண்ட்ராவும் வாங்கினேன், நல்ல விலை. கல்லுக்குள்ள புதைச்சு வச்சேன், மூணு வாரத்துல அழுகி நாறிடுச்சு. என்ன தப்பு பண்ணேன்? (சென்னை)

புதைச்சது தான் தப்பு தம்பி. ரெண்டுமே ஓடைப் பாறையிலயும் கட்டையிலயும் ஒட்டி வளர்ற சேம்புக் குடும்பத்துச் செடி. அனுபியாஸ் ஆப்பிரிக்கா, பூசெஃபலாண்ட்ரா போர்னியோ தீவுல மட்டும் தான் இயற்கையா இருக்கு. படுத்த மாதிரி ஒரு தடிச்ச தண்டு இருக்கும் பாருங்க, மஞ்சள் கிழங்கு மாதிரி, அது எப்பவும் ஓடுற தண்ணியில திறந்து இருக்கணும், சரளைக்குள்ள மூடினா மூச்சு முட்டி அழுகிடும். ஜாவா பெரணிக்கும் இதே கதை தான். அடுத்த தடவை ஒரு சொரசொரப்பான கல்லு மேல வச்சு தையல் நூலால ரெண்டு சுத்து கட்டி விடுங்க, வேர் தானா புடிச்சுக்கும், அப்புறம் நூலை எடுத்துடலாம். ஃபில்டர் தண்ணி விழுற பக்கமா வைங்க. ஒரு வேண்டுகோள், போர்னியோ ஓடையில இருந்து பிடுங்கி விக்கிறதும் நடக்குது, ஒரு பாறையில இருக்கிறதை வழிச்சு எடுத்தா அது திரும்ப வர வருஷக்கணக்கா ஆகும். அதனால வாங்கும்போது பண்ணையில வளர்த்ததா, ஆய்வுக்கூடத்துல திசுவுல இருந்து வளர்த்த டிஷ்யூ கல்ச்சர் டப்பாவான்னு கேட்டு வாங்குங்க.

நான் கண்டியில இருந்து எழுதுறேன். இலங்கையிலயும் இந்தச் செடிங்க இருக்கா? (கண்டி வாசகர்)

இருக்கு. அது மட்டுமில்ல, இந்தச் செடிங்களைப் பத்தி நமக்குத் தெரிஞ்ச அடிப்படை விஷயம் நிறைய உங்க ஊர்ல இருந்து வந்தது தான். பேராதனைத் தாவரவியல் தோட்டத்தை மகாவலி ஆறு வளைச்சுக்கிட்டுப் போகுதில்ல, அந்தத் தோட்டத்துக்கு 1896ல இருந்து 1912 வரைக்கும் இயக்குநரா இருந்தவர் ஜான் வில்லிஸ். இலங்கை, இந்தியா ரெண்டு நாட்டு ஆத்துச் செடிங்களையும் பொறுமையா ஆராய்ஞ்சு 1902ல விரிவா வெளியிட்டார். ஆனைமலையில இருக்கிற ஒரு வகைக்கு, அவர் பேராலதான் வில்லிசியான்னு பேரு.

அவர் ஒரு விவகாரமான கேள்வி கேட்டார்: எல்லாமே ஒரே வேகத் தண்ணி, ஒரே பாறை, ஒரே வாழ்க்கை, அப்புறம் எதுக்கு உருவத்துல இத்தனை ரகம்? ஒண்ணு கம்பளம் மாதிரி, ஒண்ணு நாடா மாதிரி, ஒண்ணு கிளை விட்ட பாசி மாதிரி. சூழலுக்கு ஏத்தது தான் பிழைச்சுப் பெருகும்னு சொல்ற இயற்கைத் தேர்வை வச்சு இதை விளக்க முடியாதுன்னு சாதிச்சார். அந்த முடிவை நான் ஏத்துக்கல, பாறைக்குப் பாறை வேகமும் வெளிச்சமும் மாறத்தான் செய்யுது. ஆனா அந்தக் கேள்வி இன்னிக்கும் சுலபமா தீர்ந்துடல.

கொலம்பியாவுல ஒரு ஆறு ரத்தச் சிவப்பா ஓடுற வீடியோ வாட்ஸ்ஆப்ல வந்துச்சு. கலர் ஏத்தின வீடியோவா? (ஈரோடு)

நிஜம் தாங்க. கானோ கிரிஸ்டாலெஸ்னு அந்த ஆத்துக்குப் பேரு. தண்ணி தெளிவா தான் இருக்கும், அடியில பாறை மேல இருக்கிற செடி தான் சிவப்பு, அதுவும் இதே போடோஸ்டெமேசியே குடும்பம். நல்ல வெயில் படுற இடத்துல சிவக்கும், நிழல்ல இருந்தா பச்சையாவே இருக்கும். ஏறத்தாழ ஜூன் மாசத்துல இருந்து நவம்பர் வரைக்கும் தான் அந்தக் காட்சி.

மேல அணை கட்டினா இந்தச் செடிங்களுக்கு என்ன ஆகும்? தண்ணி வருஷம் பூரா இருந்தா நல்லது தானே? (தேனி)

நிறைய பேர் அப்படித்தான் நினைக்கிறாங்க, அதனால தான் இதை விரிவா சொல்லணும்னு தோணுது. இதுங்களுக்கு தண்ணி ஏறவும் வேணும், இறங்கவும் வேணும். ஏறினா தான் வளரும், இறங்கினா தான் பூக்கும். அணைக்குப் பின்னாடி தேங்குற இடத்துல பாறை ஆழத்துல போயிடும், வெளிச்சமும் ஓட்டமும் இல்லாம அங்க இருந்ததெல்லாம் முடிஞ்சது. அணைக்குக் கீழ ஒரேயடியா வறண்டு போகலாம், இல்லன்னா கரண்ட் தேவைக்கு ஏத்த மாதிரி ராத்திரி திறந்து பகல்ல மூடுவாங்க. இன்னிக்கு பாறை காஞ்சுதுன்னு மொட்டு விரிஞ்சா நாளைக்கே மறுபடி முங்கிடும், விதை முத்த நேரம் கிடைக்காது. ரோடு போடும்போது சரியுற மண்ணு, எஸ்டேட் பக்கம் இருந்து வர்ற வண்டல் இதெல்லாம் பாறை மேல படிஞ்சா விதை ஒட்ட கல்லு இருக்காது. கழிவுநீர் சேர்ந்தா நிஜமான பாசி எக்கச்சக்கமா வளர்ந்து மூடிடும். அருவியில சோப்பும் ஷாம்பூவும் எண்ணெயும் வேண்டாம்னு சொல்றது குளிக்கிறவங்களைப் படுத்துறதுக்கு இல்லீங்க. ஒரு சில வகை ரெண்டு மூணு ஓடையில மட்டும் தான் இருக்கு, அந்த ஓடை போச்சுன்னா உலகத்துலயே இல்லாம போயிடும்.

எப்ப போனா பாக்கலாம்? வீட்டுக்குக் கொண்டு வந்து வளர்க்க முடியுமா? (மதுரை, ரெண்டு மூணு பேர் கேட்டது)

வளர்க்க முடியாது, பிடுங்காதீங்க. பாக்கலாம், தாராளமா. மழை ஓய்ஞ்சு ஓடை மெலிஞ்சு வர்ற சமயம், டிசம்பர் கடைசியில இருந்து பிப்ரவரி வரைக்கும் மேற்கு மலைப் பக்கம் போனா, தண்ணி விளிம்பை ஒட்டின பாறையைப் பாருங்க: தண்ணிக்குள்ள பச்சை, விளிம்புல பூ, ஒரு சாண் மேல காஞ்ச காய், மூணும் ஒரே கல்லுல கிடைக்கும். பத்து மடங்கு காட்டுற லென்ஸ் ஒண்ணு கொண்டு போங்க. செருப்பைக் கழட்டிட்டு காஞ்ச கல்லு மேல மட்டும் கால் வைங்க, பச்சையா இருக்கிற கல்லு வழுக்கும், மிதிச்சா செடியும் போயிடும். மேல மேகம் கறுத்தா உடனே கரை ஏறிடுங்க.