டிபார்ட்மென்ட் வேலையும் மைக் வேலையும்

வணக்கம் சார்,

2025 ஏப்ரல் வரைக்கும் பாகிஸ்தான் முன்னாள் வீரர்களின் யூடியூப் சேனல்களை விடாமல் பார்த்துவந்தேன். பஹல்காம் தாக்குதலுக்குப் பிறகு அவற்றில் பல இங்கே திறப்பதில்லை. இப்போது ஸ்கோர்கார்டுகளோடு பொழுது போகிறது. அப்படிப் பார்க்கையில் ஓர் இறுதிப்போட்டியில் ‘பிடிவி’ என்று ஒரு அணி. ஒளிபரப்பிய சேனலின் பெயரை அணி இருக்கவேண்டிய இடத்தில் தப்பாகப் போட்டுவிட்டார்களோ? டிவி நிலையத்துக்கு எதற்கு கிரிக்கெட் அணி? இன்னொரு சந்தேகம். அங்கே உள்ளூர்ப் போட்டி நாலு ஆடியவர்கூட ஸ்டூடியோவில் உட்கார்ந்து தேர்வுக்குழுவைத் திட்டுகிறார். டிவியில் அவ்வளவு சம்பளமா? ஆடுகிறவர்களுக்கு அங்கே பிழைப்பு எப்படி ஓடுகிறது?

ர., விருதுநகர்

அன்புள்ள ர.,

அச்சுப்பிழை இல்லை. பாகிஸ்தான் டெலிவிஷன் கார்ப்பரேஷனின் அணிதான் அது. நீங்கள் பார்த்தது 2025 மார்ச்சில் ராவல்பிண்டியில் நடந்த, நிறுவன அணிகள் மோதும் பிரெசிடென்ட்ஸ் டிராபியின் இறுதிப்போட்டியாக இருக்கவேண்டும். எதிரணி ஸ்டேட் வங்கி. ரமலான் மாதம் என்பதால் ஆட்டம் இரவு ஏழரைக்குத் தொடங்கி அதிகாலை இரண்டரை வரை நடந்தது. பிடிவியின் முகமது ஷெசாத் அடுத்தடுத்த பந்துகளில் உமர் அமீனையும் ஃபவாத் ஆலமையும் வெளியேற்றினார். அடுத்து வரவேண்டிய சவுத் ஷகீல் மூன்று நிமிடத்துக்குள் பந்தை எதிர்கொள்ளத் தயாராகவில்லை. ‘டைம்டு அவுட்’. தூங்கிவிட்டார் என்று செய்தி வந்தது. அதற்கடுத்த பந்தில் இர்ஃபான் நியாசி போல்டு. பந்து மூன்று, விக்கெட் நாலு.

டிவி நிலையத்துக்கு அணி எதற்கு என்று கேட்கிறீர்கள். மின்வாரியத்துக்கும் எரிவாயுக் கம்பெனிக்கும் எதற்கு? அணுகுண்டுத் திட்டத்தின் ஆய்வுக்கூடமான கான் ரிசர்ச் லேபரட்டரிஸுக்கு எதற்கு? அந்த ஆய்வுக்கூடத்தின் அணியில்தான் ஷோயப் அக்தரும் நோமான் அலியும் ஆடினார்கள். அங்கே இதற்கு ‘டிபார்ட்மென்ட் கிரிக்கெட்’ என்று பெயர். பல நாள் ஆடும் முதல்தரப் போட்டியான காயிதே ஆசம் டிராபி 1953-54இல் தொடங்கியது. 1960-61இல் வந்த அயூப் டிராபியிலும் ரயில்வே போன்ற நிறுவன அணிகள் இறங்கின. 1964இல் லாகூரில் ரயில்வே அணி 6 விக்கெட்டுக்கு 910 எடுத்து டிக்ளேர் செய்து, தேரா இஸ்மாயில் கானை 32க்கும் 27க்கும் சுருட்டி, இன்னிங்ஸ் மற்றும் 851 ரன்னில் வென்றது இந்தப் போட்டியில்தான். கிரிக்கெட் வாரியத் தலைவராக இருந்த கர்தார் 1970களில் வங்கிகளையும் அரசு நிறுவனங்களையும் பிடித்து உலுக்கி, வீரர்களுக்கு வேலை கொடுக்கச் சொன்னார். விமான நிறுவனமான பிஐஏ, ஹபீப் வங்கி, நேஷனல் வங்கி, யுனைடெட் வங்கி என்று வரிசை நீண்டது.

இதில் கவனிக்கவேண்டியது, கிடைத்தது கிரிக்கெட் சம்பளம் இல்லை, ஆபீஸ் சம்பளம். வீரருக்கு ஒரு கிரேடு, ஒரு பதவிப் பெயர், மாதம் பிறந்தால் சம்பளம். தோள்பட்டை பிசகி ஒரு பருவம் முழுக்க உட்கார்ந்தாலும் அது நிற்காது. ஆட்டம் முடிந்த வயதில் அதே ஆபீஸில் மேசைக்குப் போய்விடலாம். ரயில்வேயிலும் வங்கியிலும் வேலை பார்த்த ஆட்டக்காரர்களை நம்மூரிலும் பார்த்திருப்பீர்கள். தாபிஷ் கான் என்ற வேகப்பந்து வீச்சாளர் 598 முதல்தர விக்கெட் எடுத்துவிட்டு, 2021 மே மாதம் ஹராரேயில் 36 வயதில் முதல் டெஸ்ட் ஆடினார். முதல் ஓவரிலேயே விக்கெட். அதற்குப் பிறகு டெஸ்ட் இல்லை. அழைப்பு வராமலே இத்தனை வருஷம் ஒருவர் ஓடிக்கொண்டிருக்க வேண்டுமென்றால் வீட்டில் அடுப்பு எரிந்தாக வேண்டும்.

2019 ஆகஸ்டில் இதை ஒரே கையெழுத்தில் முடித்தார்கள். இம்ரான் கான் பிரதமர். ஆஸ்திரேலியா மாதிரி மாகாண அணிகள் போதும் என்பது அவருடைய பழைய கருத்து. முந்தைய பருவத்தில் காயிதே ஆசம் டிராபியில் 16 அணிகள், எட்டு ஊர், எட்டு டிபார்ட்மென்ட். அது ஆறாகச் சுருங்கியது. ஆட்டத்தின் தரம் உயர்ந்தது என்பதை மறுக்கமாட்டேன். ஆஸ்திரேலியத் தயாரிப்பான கூக்கபரா பந்து வந்தது, ஆடுகளங்கள் தேறின. அணிக்கு 32 பேர், மொத்தம் 192 ஒப்பந்தம். மீதிப் பேருக்கு ஒன்றுமில்லை. டிபார்ட்மென்டில் நிரந்தர வேலையில் இருந்தவர்கள் மேசைக்குப் போனார்கள், ஒப்பந்தத்தில் இருந்தவர்கள் வீட்டுக்குப் போனார்கள். கராச்சியில் முதல்தர ஆட்டக்காரர் ஒருவர் பிக்கப் வண்டி ஓட்டும் வீடியோ பரவியது அந்த அக்டோபரில்.

ஒப்பந்தம் கிடைத்தவருடைய கணக்கைப் பாருங்கள். 2020-21 பருவத்தில் ஐந்து படிகள். உச்சப் படியில் 10 பேர், மாதம் ஒன்றரை லட்சம் பாகிஸ்தான் ரூபாய். அடுத்து 38 பேருக்கு 85,000, 48 பேருக்கு 75,000, 72 பேருக்கு 65,000, கடைசி 24 பேருக்கு 40,000. நாலாவது படியில் இருப்பவருக்கு ஆண்டுக்கு 7,80,000. முதல்தர ஆட்டத்துக்கு 60,000 கட்டணம், பத்து லீக் ஆட்டமும் ஆடினால் ஆறு லட்சம். ஆக 13,80,000. தொடைத்தசை கிழிந்து இரண்டாவது ஆட்டத்தோடு நின்றால் ஐந்து லட்சத்துக்குக் கொஞ்சம் குறைவாகப் போச்சு. ஒப்பந்தம் ஓராண்டுதான் என்பதால் அடுத்த ஆண்டு படி இறங்கும், அல்லது பெயரே இருக்காது. இதைவிட ஆபத்து, ஆட்டக் கட்டணம் வாரியம் நினைத்தால் மாறும். 2025 மார்ச்சில் தேசிய டி20 கோப்பைக்கு 40,000த்தை 10,000 ஆக்குவதாக அறிவித்தார்கள். கூச்சல் கிளம்பியதும் மறுபரிசீலனை என்றார்கள். ஏப்ரல் முதல் செப்டம்பர் வரை இங்கிலாந்து கிளப் லீகுகளுக்கு ஆடப்போவது பலருக்கு இந்தத் துண்டு விழுவதை அடைக்கத்தான். அதற்கும் வாரியத்தின் தடையில்லாச் சான்று வேண்டும், விசா வேண்டும். ஒன்று பிந்தினாலும் அந்தக் கோடை போயிற்று.

2022 டிசம்பரில் வாரியத் தலைவர் மாறினார், டிபார்ட்மென்ட் அணிகளுக்கு இடம் கொடுத்த பழைய சட்டவிதி திரும்பியது, 2023-24இல் பிரெசிடென்ட்ஸ் டிராபிக்கு ஏழு அணிகள் வந்தன. சுயி நார்தர்ன் கேஸ், நீர்-மின் ஆணையமான வாப்டா, ஸ்டேட் வங்கி, கான் லேப், உயர்கல்வி ஆணையம், கனி கிளாஸ், உங்கள் பிடிவி. ஹபீப் வங்கி இந்தப் பட்டியலில் இல்லை. 2018-19இல் காயிதே ஆசம் டிராபியை வென்ற அணி அது. 2016 முதல் பாகிஸ்தானின் டி20 லீகான பிஎஸ்எல் போட்டியின் பெயருக்கு முன்னால் ஒட்டியிருப்பதும் அதே வங்கிதான். ஒரு மாதப் போட்டிக்குப் பெயர் கொடுத்தால் ஊரெல்லாம் தெரிகிறது. இருபது பேரை வேலைக்கு வைத்துச் சம்பளம் கொடுத்தால் யாருக்குத் தெரியும்? கணக்குப் பார்க்கிறவர் எதைத் தேர்ந்தெடுப்பார் என்று சொல்லவேண்டியதில்லை. திரும்பிவந்த டிபார்ட்மென்ட்களும் பெரும்பாலும் பருவத்துக்கு ஒப்பந்தம் போடுகின்றன, ஓய்வூதியக் காலம் முடிந்துவிட்டது.

இனி டிவி. அங்கே மைக் வேலை என்பது ஒரு காலத்தில் ஆட்டக்காரர்களுக்கானதே இல்லை. 1950களில் ரேடியோ பாகிஸ்தானில் ஆங்கில வர்ணனைக்கு ஜம்ஷெத் மார்க்கர், உமர் குரேஷி ஜோடி. மார்க்கர் பிறகு தூதராகப் போய்விட்டார். உருது வர்ணனையை 1969வாக்கில் முனீர் ஹுசைன் நிலைநிறுத்தினார். வானொலியில் ‘ஷீன்-காஃப்’ சரியாக இருக்கிறதா என்றுதான் முதலில் பார்ப்பார்கள். ‘க’வை அடித்தொண்டையிலிருந்து எடுக்கும் காஃப் எழுத்தை வெறும் ககரமாகச் சொன்னால் போயிற்று. நம் ழகரம் மாதிரி என்று வைத்துக்கொள்ளுங்கள். பஷ்தூ பேசும் வீட்டிலிருந்தோ சராய்க்கி பேசும் ஊரிலிருந்தோ வந்த பையன், எத்தனை சதம் அடித்திருந்தாலும் இந்தக் கதவில் இடித்துக்கொள்வான்.

2002இல் தனியார் சேனல்களுக்கு உரிமம் கொடுக்கும் சட்டம் வந்ததும் கதவு அகன்றது. 2006இல் ஜியோ சூப்பர், 2012இல் பிடிவி ஸ்போர்ட்ஸ், 2021இல் ஏ ஸ்போர்ட்ஸ். ஆனால் ஸ்டூடியோ நிரம்பி வழிவதற்குக் காரணம் சேனல்களின் எண்ணிக்கை மட்டுமில்லை. ஆட்டத்தைக் காட்டும் உரிமை ஒன்றிரண்டு சேனல்களிடம்தான் இருக்கும். மற்ற செய்திச் சேனல்கள் நேரலைக் காட்சியைத் தொடமுடியாது, ஆனால் உலகக் கோப்பை நேரத்தில் விளம்பரமும் வேண்டும். ஒரு மேசை, நாலு நாற்காலி, மூன்று முன்னாள் வீரர்கள், ஒரு தொகுப்பாளர் போதும். இதைவிட மலிவான நிகழ்ச்சி கிடையாது. ஊதியம் பெரும்பாலும் நிகழ்ச்சிக்கு இவ்வளவு, அல்லது போட்டிக்கு இவ்வளவு. பாகிஸ்தான் முதல் சுற்றிலேயே வெளியேறினால் விளம்பரம் சரியும், நிகழ்ச்சி நாளும் குறையும். ஆகவே அவ்வளவு சம்பளமா என்ற கேள்விக்கு, பத்துப் பெயர்களுக்கு ஆமாம், மற்றவர்களுக்கு அது திருவிழாக்கடை.

நேரலை வர்ணனை வேறு தொழில். ஜோடியாக அரைமணி நேரம் பேசி மாறவேண்டும். காதில் இயக்குநரின் குரல் ஓடிக்கொண்டே இருக்கும், விளம்பர இடைவேளைக்கு அவர் பத்திலிருந்து எண்ணத் தொடங்கினால் பூஜ்யத்தில் வாக்கியம் முடிந்திருக்க வேண்டும். முன்னாள் ஆட்டக்காரர்கள் இங்கேதான் தடுமாறுகிறார்கள். பந்துவீச்சாளர் ஓடிவரும்போதும் பேசிக்கொண்டிருப்பார்கள், அல்லது திரையில் தெரிவதையே திரும்பச் சொல்வார்கள். வானொலியில் பழகியவர்களுக்கு நேர்மாறான சிக்கல். ஸ்கோரை நிமிடத்துக்கு ஒருமுறை சொல்லும் பழக்கம் போகாது. உள்நாட்டு ஆட்டங்களின் நேரலையில் சம்பளம் சிறிதென்றாலும் பயிற்சி கிடைக்கும். நாலு நாள் ஆட்டத்தில் ஆளில்லாத மைதானத்தை வைத்துக்கொண்டு பேசத் தெரிந்தவருக்கு டி20 எளிது.

செய்தியாளர் பாடு இன்னும் மோசம். லாகூர் கடாஃபி மைதான வாசலில் நின்று, திரைக்கு அடியில் ஓடும் ‘டிக்கர்’ வரியை அனுப்பவேண்டும், தொலைபேசியிலேயே பேசி ‘பீப்பர்’ செய்தி கொடுக்கவேண்டும், மாலைக்குள் ‘பேக்கேஜ்’ என்னும் முழுச் செய்தித் தொகுப்பை எழுதிக் குரல் பதிவு செய்யவேண்டும். அரசியல் செய்தி ஒன்று வெடித்தால் முதலில் வெட்டுப்படுவது விளையாட்டுச் செய்திதான். பத்திரிகை ஊழியர்களுக்கு 1973 சட்டத்தின்கீழ் ஊதியக் குழு உண்டு. அந்தச் சட்டம் எழுதியபோது தனியார் டிவி இல்லாததால் டிவிக்காரர்கள் வெளியே நின்றார்கள். 2018க்குப் பிறகு அரசு விளம்பரம் சுருங்கியதும் ஆள்குறைப்பு, மாதக்கணக்கில் சம்பளப் பாக்கி. 2023இல் திருத்தம் கொண்டுவந்து, இரண்டு மாதத்துக்குள் சம்பளம் கொடுக்காத சேனலுக்கு அரசு விளம்பரம் கிடையாது என்றார்கள்.

ஒப்பந்தத்தைப் படிக்காமல் கையெழுத்துப் போட்டால் என்ன ஆகும் என்பதற்கு 2021 அக்டோபர் உதாரணம். பிடிவி ஸ்போர்ட்ஸ் நேரலையில், விவ் ரிச்சர்ட்ஸும் டேவிட் கோவரும் பார்த்துக்கொண்டிருக்க, தொகுப்பாளர் ஷோயப் அக்தரைக் கிளம்பச் சொன்னார். அக்தர் அங்கேயே ராஜினாமா செய்து எழுந்துபோனார். மக்கள் அக்தர் பக்கம். சேனலோ, மூன்று மாத முன்னறிவிப்பு என்ற பிரிவைக் காட்டி, பத்துக் கோடி நஷ்டஈடும் மூன்று மாதச் சம்பளத்துக்கு ஈடாக 33,33,000 ரூபாயும் கேட்டு நோட்டீஸ் அனுப்பியது. முன்னறிவிப்பு எத்தனை நாள், வேறு சேனலில் பேசலாமா, சொந்த யூடியூப் எந்தக் கணக்கில் வரும், பணம் வாராவாரமா, போட்டி முடிந்தபிறகா என்ற நாலையும் பார்க்காமல் மேக்கப் அறைக்குப் போகக்கூடாது.

பெண்கள் மைக்கைப் பிடித்த விதம் வேறு. ஆட்டத்தில் அவர்களுக்கு இருந்த டிபார்ட்மென்ட் வேலைகள் விரல்விட்டு எண்ணக்கூடியவை, விவசாய வளர்ச்சி வங்கி அணி அதில் முக்கியம். பல் மருத்துவரான முன்னாள் கேப்டன் உரூஜ் மும்தாஜும் மரினா இக்பாலும் வர்ணனையைத் தொழிலாகவே கற்றுக்கொண்டு வந்தவர்கள். அது கேட்கும்போதே தெரியும்.

தேர்வுக்குழுவைத் திட்டுவது பற்றி. அது கோபம் மட்டுமென்று நினைக்காதீர்கள், பாதி விண்ணப்பம். வர்ணனையாளர் ரமீஸ் ராஜா 2021இல் வாரியத் தலைவரானார். அவருக்குப் பின் வந்த நஜம் சேத்தி பத்திரிகையாளர், டிவி விமர்சகர். 2024 முதல் தலைவராக இருக்கும் மொஹ்சின் நக்வி செய்திச் சேனல்களை நிறுவியவர். 2022 டி20 உலகக் கோப்பையின்போது ஏ ஸ்போர்ட்ஸ் மேசையில் இருந்த நால்வர் வசீம் அக்ரம், வக்கார் யூனிஸ், மிஸ்பா, ஷோயப் மாலிக். 2024 ஆகஸ்டில் உள்நாட்டில் புதிதாக ஐந்து ‘சாம்பியன்ஸ்’ அணிகளை உருவாக்கி மென்டர்களை, அதாவது வழிகாட்டிகளை நியமித்தபோது, அந்த நால்வரில் மூவர் பட்டியலில் இருந்தார்கள். ஸ்டூடியோ நாற்காலியிலிருந்து வாரியத்துக்கு அவ்வளவு பக்கம்.

அந்த வரிசையில் நிற்க வாய்ப்பில்லாதவர்களுக்கு யூடியூப். உருதுவும் இந்தியும் காதுக்கு ஒன்றாக இருப்பதால் எல்லைக்கு இந்தப் பக்கத்துப் பார்வையாளர்கள்தான் அவர்களுக்குப் பெரிய சந்தை. தலைப்பில் கோலி பெயர் இல்லாத வீடியோ அபூர்வம். உங்களுக்குச் சேனல் திறக்காத அன்று அங்கே பல பேருக்கு வருமானம் விழுந்திருக்கும்.

ஸ்கோர்கார்டு பார்க்கிறவர் என்பதால் ஒரு வேலை சொல்கிறேன். ஏதாவது ஒரு பெயரை எடுத்துக்கொண்டு, காயிதே ஆசம் டிராபியில் ஊர் அணியிலும் பிரெசிடென்ட்ஸ் டிராபியில் டிபார்ட்மென்டிலும் தேடுங்கள். இரண்டிலும் இருந்தால் அந்த ஆண்டு அவருக்கு இரண்டு வருமானம். ஊர் அணியில் மட்டும் இருந்தால் ஜூன் மாதம் யார்க்‌ஷயர் கிளப் ஆட்டங்களில் தேடிப்பாருங்கள். எங்குமே இல்லாமல் வயது முப்பத்தைந்தைத் தாண்டியிருந்தால் யூடியூபில் இருப்பார். அதுதான் உங்களுக்குத் திறக்காதே.