சுறாப் பல்லும் குலதெய்வமும்

கேள்வி: என் மகனுக்கு 17 வயது. ‘அக்குவாமான்’ நடிகர் ஜேசன் மொமோவாவின் இடக்கையில் இருப்பதுபோல் தானும் பச்சை குத்தவேண்டுமென்று ஒற்றைக்காலில் நிற்கிறான். அது வெறும் அலங்காரமா, ஏதும் அர்த்தமிருக்கிறதா?
— ஒரு தாய், வெள்ளவத்தை

பதில்: அலங்காரமில்லை, அம்மா. வரிசை வரிசையாக இருக்கும் அந்த முக்கோணங்கள் சுறாப் பற்கள். ஹவாய்க் குடும்பங்களுக்கு ‘ஔமாகுவா’ என்று ஒரு காவல் உண்டு. செத்துப்போன முன்னோர் சுறாவாகவோ ஆந்தையாகவோ வந்து காப்பார்கள் என்பது நம்பிக்கை. மொமோவா வீட்டுக்குச் சுறா. குலதெய்வம் மாதிரி என்று வையுங்களேன். “அடுத்த வீட்டுக் குலதெய்வத்தை நீ ஏன் கையில் சுமக்கிறாய்?” என்று மகனிடம் கேட்டுப் பாருங்கள். (“அப்ப எங்கட குலதெய்வம் எது?” என்று திருப்பிக் கேட்பான். என் மகள் அப்படிக் கேட்டு, நான் ஊரிலிருக்கும் பெரியம்மாவுக்குக் கோல் எடுக்கவேண்டியதாயிற்று.)

எனக்கு அந்தப் பச்சையைவிடப் பெரிதாகப் படுவது அவர் எடுத்த தொடர். மனுஷன் 1979இல் ஹவாயின் ஹொனலுலுவில் பிறந்தாலும் வளர்ந்தது தாயின் ஊரான அயோவாவில். சுற்றிவரச் சோளக்காடு, கடலின் வாடையே இல்லை. அப்படிப்பட்டவர் 2025இல் அப்பிள் ரீவிக்காக ‘சீஃப் ஒஃப் வோர்’ தொடரை இன்னொருவருடன் சேர்ந்து உருவாக்கி, கயியானா என்ற ஹவாய்ப் போர்த்தலைவனாக நடித்தார். மொத்தம் 9 பாகம். கடைசிப் பாகத்தை இயக்கியதும் அவரே. தொடக்கத்தில் எல்லோரும் பேசுவது ஹவாய் மொழி, ஆங்கிலம் கீழே எழுத்தாக ஓடுகிறது. பெரிய நிறுவனத்தின் காசில் இதைச் செய்விப்பது லேசான காரியமில்லை.

அந்த மொழி பட்ட பாடு தெரிந்தால்தான் இது விளங்கும். 1893இல் ஹவாய் அரசியை அங்கு குடியேறிய வெள்ளையர் கவிழ்த்தார்கள். 1896இல் பள்ளிக்கூடங்களில் ஆங்கிலம்தான் என்று சட்டம் வந்தது. வகுப்பில் தாய்மொழி பேசிய பிள்ளைக்குத் தண்டனை. 1978இல்தான் ஆங்கிலத்தோடு அதுவும் அரச மொழியானது. 1984இல் சிறுவர்களுக்கு அந்த மொழியிலேயே பாலர் பள்ளி தொடங்கி, அதற்கு ‘பூனானா லேயோ’, அதாவது மொழிக்கூடு, என்று பெயர் வைத்தார்கள். தமிழில் கேட்டால் ஆங்கிலத்தில் பதில் சொல்லும் பிள்ளைகள் என் வீட்டிலும் உண்டு. தொடரை அவர்களோடு சேர்ந்துதான் பார்த்தேன். சண்டைக் காட்சிகள் கொஞ்சம் அதிகம், பார்த்துக்கொள்ளுங்கள்.

கேள்வி: ‘அக்குவாமான்’ முதல் காட்சியன்று சிவப்புக் கம்பளத்தில் அவர் ஆடியது ஹவாய் நடனம்தானே?
— வாசகர், கொட்டாஞ்சேனை

பதில்: இல்லை ஐயா, அது ஹாக்கா. நியூசிலாந்தின் பூர்வகுடிகளான மாவோரிகளுடையது, அந்நாட்டு ரக்பி அணி போட்டிக்கு முன் ஆடுவது. கொழும்பில் ரக்பி பார்க்கும் எந்தப் பொடியனைக் கேட்டாலும் சொல்வான். அன்று கூட ஆடிய தெமுவேரா மோரிசன் மாவோரி. படத்தில் மொமோவாவுக்குத் தகப்பனாக வருபவரும் அவர்தான். ஹவாய்க்காரரும் மாவோரிகளும் ஒரே கடலோடிகளின் வழிவந்தவர்கள். இரட்டை வள்ளத்தில் பசிபிக்கைக் கடந்தவர்கள். அந்த வள்ளத்தை ஆங்கிலத்தில் ‘கட்டமரன்’ என்கிறார்கள். நம்முடைய கட்டுமரம்தான்! ஆனால் நம்முடையது மரங்களைச் சேர்த்துக் கட்டியது, அவர்களுடையது இரண்டு தோணி.